ஹோடவுன் பாட்டு உண்மையிலேயே அந்த நொடியில் கட்டுவதா?

திரைவிளிம்பு:
வசனம் எழுதாமல் அந்த நொடியிலேயே நடிக்கும் நகைச்சுவை நிகழ்ச்சியான 'ஹூஸ் லைன் இஸ் இட் எனிவே' அமெரிக்கப் பதிப்பில் (ஏபிசியில் 1998இல் தொடங்கியது) ஹோடவுன், அதாவது நான்கு பேர் ஒரே மெட்டில் ஆளுக்கொரு பத்தி பாடும் விளையாட்டு, வரும்போதெல்லாம் இதே சந்தேகம். நான்கு பேரும் எதுகை பிசகாமல் பாடுகிறார்கள். எழுதிக் கொடுக்காமல் இது முடியுமா? எது தயாரிப்பு, எது அசல் என்று எப்படிப் பிரிப்பது?

கூத்துமேடை:
மெட்டும் அமைப்பும் மாறாதவை. தலைப்பு மட்டும் பார்வையாளர்களிடமிருந்து வரும். ஆளுக்கு நான்கு அடி, இரண்டிரண்டாக ஒலி ஒக்கும். அடியின் கடைசியில் ஒப்பதால் இதை இயைபு என்பதே சரி.

சூட்சுமம் பின்னாலிருந்து கட்டுவதில் இருக்கிறது. தலைப்பு 'பல் டாக்டர்' என்று வைத்துக்கொள்ளுங்கள். சிரிப்பு 'கடித்துவிட்டேன்' என்ற சொல்லில் விழ வேண்டும் என்று முதலில் முடிவு செய்துவிட்டால், மூன்றாம் அடியை 'துடித்துவிட்டேன்' என்று முடித்தால் போதும். முதல் இரண்டு அடி சும்மா கதை தொடங்கத்தான். நல்ல நகைச்சுவையை இரண்டாம் அடியிலேயே செலவழித்துவிட்டால் நான்காம் அடி தொங்கிப்போகும்.

முதலில் பாடுபவருக்கு யோசிக்கக் கிடைப்பது முன்னிசை ஓடும் நேரம்தான். நான்காமவருக்கு நேரம் உண்டு, ஆனால் அவர் நினைத்து வைத்ததை முன்னால் ஒருவர் பாடிவிடலாம். அப்போது அவர் தடுமாறுகிறாரே, அது அசல்!

வெட்டுமேசை:
சொற்கள் அசல்தான். செயற்கை நுழைவது எடிட்டிங்கில். ஒளிபரப்பு விளம்பரம் போக சுமார் 22 நிமிடம், பதிவோ அதைவிடப் பல மடங்கு நீளும். சோபிக்காத விளையாட்டுகள் வெளியே போய்விடும். 'இவர்கள் சறுக்குவதே இல்லை' என்ற தோற்றம் அப்படி உண்டாவதுதான்.

வெட்டிய இடத்தைக் கண்டுபிடிக்கக் காதை நம்புங்கள். பல கேமராக்கள் ஓடுவதால் காட்சி மாறினால் வெட்டு என்று அர்த்தமில்லை. கைதட்டல் படிப்படியாகத் தேயாமல் சட்டென்று அறுந்தால் அங்கே ஏதோ எடுக்கப்பட்டிருக்கலாம்.

கூத்துமேடை:
சரிதான். ஆனால் சறுக்கலே நன்றாகச் சிரிக்க வைத்தால் அதை வைத்துக்கொள்வார்கள்.

நாடகநேசன்:
நகைச்சுவை நடிகர் லாரி டேவிடின் 'கர்ப் யுவர் என்தூசியாசம்' தொடர் (எச்பிஓ, 2000–2024) வேறு வகை. காட்சி எங்கே போய் முடிய வேண்டும் என்பது முன்பே எழுதிய கதைச்சுருக்கத்தில் இருக்கும், வசனம் இருக்காது. சிக்கல் இரண்டாவது டேக்கில்தான். முதல் டேக்கில் தானாக வந்த வரியைத் திரும்பச் சொன்னால் அது வசனமாகிவிடும். எதிரில் இருப்பவரின் திகைப்பும் முதல் தடவைக்கு மட்டுமே நிஜம். அதனால் இந்த வகைப் படப்பிடிப்பில் ஆளுக்கொரு கேமரா ஒரே நேரத்தில் ஓட வேண்டும். ஒற்றைக் கேமராவில் எடுத்தால் அந்தத் திகைப்பைப் பிறகு தனியாக நடித்துத்தான் தர வேண்டியிருக்கும்.