எதிர்வீட்டுப் பெயின்ட்: சொல்லலாமா, விட்டுவிடலாமா?

கேள்வி:
எங்கள் தெருவில் எல்லாம் தனி வீடுகள், அநேகமாக வெள்ளை, இல்லையென்றால் சந்தன நிறம். எதிர்வீட்டில் பளீரென்று கிளிப்பச்சை அடித்துவிட்டார்கள், ஜன்னல் சட்டம் ஆரஞ்சு. காலை வெயில் பட்டால் அந்தப் பச்சை எங்கள் ஹால் சுவர் வரை வருகிறது. போதாததற்கு மதில் மேல் வரிசையாக வெள்ளை எல்இடி, விடிய விடிய எரிகிறது, வெளிச்சம் எங்கள் படுக்கையறைக்குள் அடிக்கிறது. வெளியூர் போனால் சாவியைக் கொடுத்துவிட்டுப் போகிற அளவுக்குப் பழக்கம். வாட்ஸ்அப் குழுவில் யாரோ 'தெருவே கெட்டுப்போச்சு' என்று போட, எதிர்வீட்டு அம்மா குழுவை விட்டே வெளியேறிவிட்டார். சங்கத்தில் மனு கொடுப்போம் என்கிறார்கள் சிலர். என்ன செய்யலாம்?

பதில் 1:
நிறத்தையும் வெளிச்சத்தையும் ஒரே புகாரில் போடாதீர்கள். சுவர் அவர்களுடையது. லைட் உங்கள் படுக்கையறைக்குள் வருகிறது, அதைத் தாராளமாகக் கேட்கலாம். சங்க விதியில் வெளிச்சுவர் நிறம் பற்றி ஏதாவது இருக்கிறதா பாருங்கள், இல்லாத விதிக்கு மனு எழுதுவது வெறும் ஆள் சேர்க்கிற வேலை.

பதில் 2:
வெள்ளை என்றால் அநேகமாக 6500 கெல்வின் (வெளிச்சத்தின் நிற அளவு, எண் குறைந்தால் மஞ்சள் கூடும்). 3000 போட்டு, மேலே மூடி கீழே மட்டும் வெளிச்சம் விழுகிற ஃபிட்டிங்கும், ஆள் வந்தால் எரிகிற சென்சாரும் வைக்கச் சொல்லுங்கள். பாதுகாப்புக்கு என்பார்கள், கண்ணில் அடிக்கிற லைட்டுக்குப் பின்னால் ஆள் நின்றால் தெரியவே தெரியாது. ராத்திரி ஒருநாள் அவரையே உங்கள் அறைக்குக் கூப்பிட்டுக் காட்டுங்கள், வாயால் விளக்குவதை விட அது சுலபம். அப்புறம் பெயின்ட்: சின்ன அட்டையில் அடக்கமாகத் தெரிகிற நிறம் முழுச் சுவரில் தூக்கலாகத்தான் வரும், அவர்களே எதிர்பார்த்திருக்க மாட்டார்கள்.

பதில் 3:
அடடா, 'அவர்களே எதிர்பார்க்கவில்லை' என்று நீங்களே முடிவு செய்கிறீர்களே! எங்கள் வீடு கத்தரிப்பூ நிறம், ஆசைப்பட்டுத்தான் அடித்தோம். குழுவில் எல்லோரும் சிரிக்கிற பொம்மை போட்டார்கள், நேரில் ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. பக்கத்து வீட்டுப் பெரியவர் மட்டும் வாசலில் நின்று, "எனக்குச் சுத்தமா பிடிக்கலம்மா, ஆனா உன் வீடு" என்றார். அவரோடு மட்டும்தான் இன்றைக்கும் பேச்சு. சந்தன நிறம் அடித்தவர்கள் யாரிடம் அனுமதி கேட்டார்களாம்?

கேட்டவர்:
ராத்திரி அவரைக் கூப்பிட்டுக் காட்டினேன். திரைச்சீலையை இழுத்துப் பார்த்துவிட்டு, "இவ்வளவா சார் அடிக்குது?" என்றார், லைட்டை மாற்றுகிறாராம். பெயின்ட் பற்றி நான் பேசவில்லை. மனுவிலும் கையெழுத்துப் போடவில்லை, அதில் இப்போது பக்கத்து வீட்டுக்காரருக்கு என் மேல் வருத்தம்.