தூள் ஊறுகிற நேரம்

தேவிகுளத்துப் பெண், இப்போது போடி

டீ என்றால் எனக்குக் கடை ஞாபகம் வராது. அம்மா தலை பின்னிவிட்டதுதான் ஞாபகம் வரும்.

எங்கள் வீடு தேவிகுளத்துக்குக் கீழே, எஸ்டேட் லயத்தில். வரிசையாக ஆறு வீடு. பக்கத்து வீட்டில் தீக்குச்சி உரசினால் இங்கே கேட்கும். காலை ஐந்து மணிக்கெல்லாம் ஆறு அடுப்பும் புகைய ஆரம்பித்துவிடும். சோறு பொங்கி, தூக்குச்சட்டி கட்டி, என்னையும் தம்பியையும் பள்ளிக்கூடத்துக்குக் கிளப்பிவிட்டு, அம்மா நேரத்துக்குப் பெரட்டுக்களத்தில், காலையில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கிற இடத்தில், போய் நிற்க வேண்டும். இத்தனை ஓட்டத்துக்கு நடுவிலும் ஒரே ஒரு வேலையை மட்டும் அவள் நிதானமாகத்தான் செய்வாள்.

கரி பிடித்த அலுமினியச் சட்டியில் தண்ணீர் தளதளவென்று கொதித்ததும் இறக்கித் தரையில் வைப்பாள். அப்புறம்தான் தூள், மூன்று விரலால் அள்ளின அளவு. மேலே ஒரு தட்டைக் கவிழ்த்து மூடிவிட்டு, "வா" என்பாள். நான் போய் முதுகைக் காட்டி உட்கார வேண்டும். சிக்கெடுத்து, வகிடெடுத்து, இரட்டைப் பின்னல் போட்டு, ரிப்பன் கட்டி முடிக்கும்போது சாயம் சரியாக இறங்கியிருக்கும். வீட்டில் கடிகாரம் இருந்தது. ஆனாலும் டீக்குக் கணக்கு என் தலைமுடிதான்.

அவள் விரல்களைச் சொல்லியாக வேண்டும். கொழுந்து கிள்ளிக் கிள்ளிக் கட்டைவிரலிலும் ஆள்காட்டி விரலிலும் கருப்பாகக் கறை ஏறியிருக்கும். நகத்தோரம் வெடித்து, அந்த வெடிப்பிலும் கருப்பு. சோப்புக்கும் போகாது, எலுமிச்சம்பழத்துக்கும் போகாது. அந்தக் கையால் கிளாஸைச் சுற்றிப் பிடித்துக்கொண்டு, வெல்லத்தை ஓரப் பல்லால் கடித்தபடி, வாசல்படியில் உட்கார்ந்து குடிப்பாள். பால் கிடையாது, கட்டன்தான். அந்த ஐந்து நிமிஷம் அவளோடு பேசக் கூடாது என்று யாரும் எங்களுக்குச் சொன்னதில்லை. நாங்களாகவே பேச மாட்டோம். எதிர்ச்சரிவில் மூடுபனி மெல்ல விலகிக்கொண்டிருக்கும்.

ஒரு கிலோ தூளுக்கு நாலு கிலோவுக்கு மேல் பச்சைக் கொழுந்து வேண்டும். சரிவில் நின்று அதைக் கிள்ளியவளுக்கு, தூளை அடுப்பில் கொதிக்கவிட்டு வீணாக்குவது பொறுக்காது. "கொதிக்க விட்டா கசப்புத்தான் இறங்கும், ருசி ஓடிப்போயிரும்" என்பாள்.

குமுளி, டீ மாஸ்டர்

அக்கா, அம்மா சொன்னது நூற்றுக்கு நூறு சரி. இருபத்திரண்டு வருஷம் டீ போட்ட கையால் எழுதுகிறேன்.

கடையில் நாங்கள் வாங்குவது டஸ்ட். பொடிப்பொடியாக இருப்பதால் சாயம் சட்டென்று இறங்கும். பையில் போட்டுக் கொதிதண்ணீர் விட்டதும் கருஞ்சிவப்பாக ஓடும். துவர்ப்பும் கூடத்தான் வரும், ஆனால் பால் அதைப் பிடித்துக்கொள்ளும். கட்டனுக்கு அந்தத் துணை கிடையாது, ஊறவிடுகிற நேரம்தான் எல்லாமே. அதைப் பின்னலில் அளந்திருக்கிறார்கள் பாருங்கள், இதைப் படித்துவிட்டு என் மனைவியிடமும் வாசித்துக் காட்டினேன்.

கார்த்திகை, மார்கழியில் ஐயப்ப சாமிகள் வண்டி வண்டியாக இங்கே வந்து இறங்குவார்கள். ராத்திரி இரண்டு மணி, மூன்று மணி. பல் தந்தியடிக்கும் குளிர். வருஷாவருஷம் ஒரு வயதான குருசாமி வருவார். கிளாஸைக் கையில் கொடுத்ததும் குடிக்க மாட்டார். முதலில் இரண்டு கன்னத்திலும் மாற்றி மாற்றி வைத்துக்கொள்வார். அப்புறம் கண்ணை மூடி இமைமேல். அப்புறம்தான் வாய்க்குப் போகும். கூட வந்த கன்னிச்சாமிகளும் அதைப் பார்த்து அப்படியே செய்வார்கள். பத்துப் பன்னிரண்டு பேர், கன்னத்தில் டீ கிளாஸோடு, ஒரு சத்தம் இல்லாமல் கடைவாசலில் நிற்பார்கள். பாய்லர் சத்தம் மட்டும் கேட்கும்.

செங்கோட்டை

எங்கள் அப்பா டீ என்று சொன்னதே இல்லை, சாயா என்பார். அவர் பிறந்தபோது செங்கோட்டை திருவிதாங்கூரில் இருந்தது. 1956 நவம்பர் 1 அன்று நாங்கள் இந்தத் தமிழ்நாட்டுப் பக்கம் வந்தோம், அக்காவின் தேவிகுளம் அந்தக் கேரளப் பக்கமே நின்றுவிட்டது. அப்பாவின் வாயில் மட்டும் சாயா சாயாவாகவே இருந்தது.

கடைசி வருஷங்களில் அவருக்குக் கை நடுக்கம். திருவனந்தபுரத்தில் வைத்தியம். எங்கள் மலைப்பாதையில் மீட்டர் கேஜ் ரயிலை 2010-இல் நிறுத்தியிருந்தார்கள், அகலப் பாதை முழுவதும் திறந்தது 2018-இல். நடுவில் எல்லாம் பஸ்தான். விடியற்காலையில் ஆரியங்காவில் இறங்கி ஒரு சாயாக்கடைக்குப் போவோம். செம்புச் சமோவர் வைத்த கடை. சமோவருக்குள் ஒரு காசு போட்டிருப்பார்கள். தண்ணீர் கொதித்தால் அது கிணுகிணுவென்று ஆடும். வாசலில் நிற்கும்போதே தெரிந்துவிடும், இப்போது போனால் சூடாகக் கிடைக்கும் என்று.

முதல் தடவை முழுக் கிளாஸ் வந்தது. அப்பா எடுத்தார், பாதி வேட்டியில் கொட்டியது. சூடு பட்டதை அவர் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. நாலு பேர் பார்க்கக் கொட்டியதில் கூசிப்போனார், அடுத்த பஸ்ஸுக்குப் போகலாம் என்று எழுந்தார். கடைக்காரர் ஒரு வார்த்தை பேசவில்லை. வேறு கிளாஸ் எடுத்து, பாதி மட்டும் ஊற்றி, அப்பா முன்னால் வைத்தார். அப்பா உட்கார்ந்து, இரண்டு கையாலும் எடுத்துக் குடித்தார். சிந்தவில்லை. கீழே வைத்ததும் மறுபாதி வந்தது. காசு ஒரு சாயாவுக்குத்தான் வாங்கினார்.

இரண்டு மாதத்துக்கு ஒரு தடவை போனோம். ஒவ்வொரு தடவையும் கேட்காமலே முதலில் அரை, அப்புறம் அரை. நடுக்கத்தைப் பற்றி அந்த மனிதர் எங்களிடம் ஒருநாளும் விசாரித்ததில்லை. ஒருமுறை பஸ்ஸில் ஏறிய பிறகு அப்பா சொன்னார்: "முழுசா வாங்கினா அடியில ஆறிப்போகும்லா. இது ரெண்டு தடவையும் சூடு."

கொழிஞ்சாம்பாறை

நாங்கள் பாலக்காட்டுச் சமவெளி ஆட்கள். தேயிலையும் இல்லை, பனியும் இல்லை. மேலே அப்பாவைப் பற்றி எழுதிய அண்ணனுக்கு என்ன சொல்வதென்று தெரியவில்லை, இரண்டு தடவை படித்தேன்.

எனக்குச் சர்க்கரை நோய் வந்து நாலு வருஷம். எங்கள் ஊரில் தமிழில் கேட்டாலும் மலையாளத்தில் கேட்டாலும் "ஒரு வித்தவுட்" என்றால் போதும், கிளாஸ் வந்துவிடும். முதல் மாதம் மருந்து மாதிரிதான் விழுங்கினேன். அப்புறம் ஒருநாள் மத்தியானம், சித்திரை வெயில், கடையில் நானும் மாஸ்டரும் மட்டும். அன்றைக்குத்தான் தூளின் ருசி நாக்கில் பட்டது. இத்தனை வருஷம் சீனியைத்தான் குடித்திருக்கிறேன் என்று தோன்றியது.

அக்கா, அம்மா எப்படி இருக்கிறார்கள்? அந்தக் கட்டன் இப்போதும் உண்டா?

தேவிகுளத்துப் பெண், இப்போது போடி

நல்லா இருக்கிறாள் தம்பி. ஓய்வு பெற்றால் லயத்து வீட்டைக் காலி செய்ய வேண்டும், அதனால்தான் மலை இறங்கி வந்தோம். ஒரு காலத்தில் டாப் ஸ்டேஷனிலிருந்து தேயிலைப் பெட்டிகளை ரோப்வேயில் கொட்டகுடிக்கு இறக்கி, அங்கிருந்து போடிக்குக் கொண்டுவருவார்களாம். "நானும் அந்தப் பெட்டி மாதிரி இறங்கி வந்துட்டேன்" என்பாள்.

கை கறை போய்விட்டது, நகத்தோர வெடிப்பில் மட்டும் ஒரு கோடு மிச்சம். போடி வெக்கையிலும் காலையில் கட்டன்தான். தட்டைக் கவிழ்த்து மூடிவிட்டு, இப்போது அவள் என் முன்னால் முதுகைக் காட்டி உட்காருகிறாள். நான் பின்னிவிடுகிறேன். முடி குறைந்துவிட்டது, சாயம் இறங்குவதற்கு முன்பே பின்னல் முடிந்துவிடுகிறது. மிச்ச நேரம் இரண்டு பேரும் சும்மா உட்கார்ந்திருக்கிறோம்.