இமாம் நவவி மருத்துவ நூலை விற்றுவிட்டார் என்கிறார்களே, அப்படியானால் நான் படிப்பது?

பேரணாம்பட்டுப் பெண்:

அஸ்ஸலாமு அலைக்கும். வேலூரில் லேப் டெக்னீஷியன் படிப்பு படிக்கிறேன். எங்கள் வீட்டில் சுபுஹு தொழுகைக்கு அப்புறம் அத்தா, ஷாஃபிஈ மத்ஹபைச் (சட்டப் பள்ளி) சேர்ந்த இமாம் நவவி தொகுத்த ரியாளுஸ் ஸாலிஹீன் என்ற ஹதீஸ் கிதாபைத் தமிழில் வாசிப்பார், நாங்கள் ஹனஃபி மத்ஹபுதான், ஆனாலும் சின்ன வயசிலிருந்து அந்தக் கிதாபைக் கேட்டுத்தான் வளர்ந்தோம், அதனால் இமாம் நவவி என்றால் எனக்குத் தனி மரியாதை. போன ஜும்ஆ பயானில் (சொற்பொழிவில்) அவரைப் பற்றிச் சொன்னதை மைக்கில் கேட்டேன். அவர் மருத்துவம் படிக்க நினைத்து இப்னு சீனாவின் மருத்துவ நூலான கானூனை வாங்கினாராம், உடனே கல்பு (உள்ளம்) இருண்டுபோய், அதை விற்ற பிறகுதான் தெளிவு வந்ததாம். மாமு இதைப் பிடித்துக்கொண்டார். "பெரிய இமாமே வேண்டாம் என்று விட்டதை நீ ஏன் படிக்கிறாய், ஆலிமா மதரஸாவில் சேர்ந்துவிடு" என்கிறார். அத்தா பேசாமல் இருக்கிறார், அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது. சம்பவம் உண்மையா? உண்மை என்றால் எப்படி எடுத்துக்கொள்வது?

வேலூர் ஓதும்பிள்ளை:

வ அலைக்கும் ஸலாம் தங்கச்சி. சம்பவம் உண்மைதான். இமாமின் மாணவர் இப்னுல் அத்தார், உஸ்தாது வாயாலேயே கேட்டு எழுதி வைத்தது. ஆனால் அதற்கு முன்னால் என்ன வருகிறது என்பதைப் பயானில் சொன்னார்களா தெரியாது. இமாம் சிரியாவில் நவா என்ற கிராமத்தில் ஹிஜ்ரி 631-ல் பிறந்தவர். 19 வயதில் டமாஸ்கஸ் வந்து ரவாஹிய்யா மதரஸாவில் தங்கி, ஷீராஸியின் தன்பீஹ் என்ற ஷாஃபிஈ சட்ட நூலை நாலரை மாதத்தில் மனப்பாடம் செய்தார். அப்புறம் ஒரு நாளைக்கு 12 பாடம். ஃபிக்ஹ் (மார்க்கச் சட்டம்), ஸஹீஹ் முஸ்லிம் ஹதீஸ் தொகுப்பு, நஹ்வு, ஸர்ஃபு என்ற அரபி இலக்கணம், உஸூல் (சட்ட அடிப்படைகள்), ஹதீஸ் அறிவிப்பாளர்களின் வரலாறு என்று ஒவ்வொன்றையும் ஒரு உஸ்தாதிடம் ஓதி, விளக்கத்தையும் கிதாபிலேயே குறித்து வைப்பார். இதைச் சொல்லி முடித்த கையோடுதான் கானூன் விஷயம் வருகிறது. அவ்வளவு பாரத்தோடு புதிதாக ஒன்றைத் தொட்டதும் சில நாள் எதிலுமே மனம் செல்லவில்லை, யோசித்துப் பார்த்து அதை விட்டார். தன் நிலையைத்தான் சொன்னார், யாருக்கும் ஃபத்வா கொடுக்கவில்லை.

ஃபத்வா வேண்டுமென்றால் அவருடைய மஜ்மூஉ என்ற சட்ட நூலின் முகத்திமாவை (முன்னுரையை) பாருங்கள். இல்முகளை (கல்விகளை) வகை பிரிக்கிற இடத்தில் மருத்துவத்தையும் கணக்கையும் ஃபர்ளு கிஃபாயா, அதாவது சமுதாயத்தின் கூட்டுக் கடமை என்று அவரே எழுதியிருக்கிறார். ஒருத்தருமே கற்காமல் விட்டால் ஊரே குற்றவாளி. இதை எழுதியதும் அதே கைதான், மாமுவிடம் இதைச் சொல்லுங்கள்.

மேல்விஷாரம் வாசகர்:

ஓதும்பிள்ளை சொன்னது சரி, ஆனால் அந்த இருட்டை வெறும் வேலைப் பளு என்று குறைத்துச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. தன் கல்பில் என்ன நடக்கிறது என்று நாளெல்லாம் கவனித்துக்கொண்டிருந்த மனிதர் அவர். டமாஸ்கஸ் தோட்டங்களில் பெரும்பகுதி வக்ஃபு நிலம், குத்தகை முறையில் சந்தேகம் இருக்கிறது என்று அந்த ஊர்ப் பழங்களையே சாப்பிடாதவர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. தாருல் ஹதீஸ் அஷ்ரஃபிய்யா என்ற ஹதீஸ் மதரஸாவுக்குத் தலைமை வகித்தபோதும் அங்கே தரும் சம்பளத்தைத் தனக்கென்று வைத்துக்கொள்ளவில்லை, நவாவிலிருந்து பெற்றோர் அனுப்பியதைச் சாப்பிட்டார். மக்களின் தோட்டங்களை அரசு பிடித்து வைத்தபோது சுல்தான் பைபர்ஸுக்கே கடிதம் எழுதிக் கண்டித்தார். பழம் சாப்பிடாததை வைத்து நம்மில் யாரும் பழம் ஹராம் என்பதில்லை. கானூனை விற்றதையும் அந்தப் பக்கத்தில்தான் வைக்க வேண்டும். அவருடைய பேணுதல் அது. மாமு அதை உங்கள் மேல் சட்டமாக ஏற்றுவது நியாயமில்லை.

இன்னொன்று, இதைப் பயான்களில் யாரும் சொல்வதில்லை என்பதில் எனக்கு உண்மையாகவே வருத்தம். அதே நூற்றாண்டில், அதே டமாஸ்கஸில் மருத்துவம் கற்றவர் இப்னுந் நஃபீஸ். அவரும் ஷாஃபிஈ ஃபகீஹ் (சட்ட அறிஞர்), கெய்ரோவில் மஸ்ரூரிய்யா மதரஸாவில் ஃபிக்ஹ் ஓதிக்கொடுத்தவர். நவவி மனப்பாடம் செய்த அதே தன்பீஹுக்கு அவரும் ஷரஹ் (விளக்கவுரை) எழுதினார். நவவி விற்ற அதே கானூனின் உடற்கூறு பகுதிக்கும் ஷரஹ் எழுதினார், அதில்தான் ரத்தம் இதயத்தின் வலப்பக்கத்திலிருந்து நுரையீரல் வழியாகச் சுற்றி இடப்பக்கத்துக்கு வருகிறது, நடுச்சுவரில் ஓட்டை கிடையாது என்று எழுதினார். ஷாஃபிஈ ஆலிம்களின் வரலாற்றை எழுதிய தாஜுத்தீன் சுப்கி இந்த மருத்துவரையும் அந்த வரிசையில் சேர்த்திருக்கிறார். மருத்துவம் அவரைத் தீனிலிருந்து வெளியே தள்ளவில்லை.

சத்துவாச்சாரி அக்கா:

எனக்கு கிதாபு அவ்வளவாகத் தெரியாது, நர்ஸாகப் பல வருஷம். ஒன்று மட்டும் சொல்கிறேன். அஸ்ஸாமிலிருந்தும் வங்காளத்திலிருந்தும் வைத்தியத்துக்காக இங்கே ரயிலில் வந்து இறங்குகிற நம் பெண்கள், ரத்தம் எடுக்க ஆண் வந்தால் புர்காவின் கையை மேலே இழுக்காமல், பெண் யாராவது இருக்கிறார்களா என்று சுற்றிலும் பார்ப்பார்கள். மொழியும் தெரியாது, கேட்கவும் வாய் வராது. அந்த நேரத்தில் போய் நின்று கையைப் பிடிக்க ஒரு பெண் வேண்டும். நீ படிப்பை விடாதே மா.

பேரணாம்பட்டுப் பெண்:

எல்லோருக்கும் ஜஸாக்கல்லாஹ். முகத்திமாவில் அப்படி இருப்பதை அத்தாவிடம் சொன்னேன், "அந்த வரியைக் காட்டு" என்றார். எப்படிக் காட்டுவது? அப்புறம், இமாமின் நாற்பது ஹதீஸ் என்ற கிதாபும் படிக்க ஆசை, அதில் 42 இருக்கிறதே ஏன்?

வேலூர் ஓதும்பிள்ளை:

முன்னாலேயே ஹதீஸ் அறிஞர் இப்னுஸ் ஸலாஹ் தொகுத்திருந்த முக்கியமான ஹதீஸ்களோடு இமாம் மேலும் சேர்த்தபோது 42 வந்தது, பிறகு வந்த அறிஞர் இப்னு ரஜப் 8 சேர்த்து 50 ஆக்கினார். முன்னுரையைத் தாண்டிவிடாதீர்கள். நாற்பது ஹதீஸை மனனம் செய்தால் இன்ன சிறப்பு என்று வருகிற ஹதீஸ் பல வழிகளில் வந்தாலும் பலவீனமானது என்பதில் அறிஞர்கள் ஒருமித்திருக்கிறார்கள் என்று அவரே அங்கே சொல்லிவிடுகிறார். தன் கிதாபுக்குச் சாதகமான ஹதீஸையே இப்படிச் சொன்ன நேர்மை எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

மஜ்மூஉ முதல் பாகத்திலேயே முகத்திமா இருக்கிறது. ஷீராஸியின் இன்னொரு சட்ட நூலான முஹத்தபுக்கு ஷரஹ் அது, வட்டி பாடம் வரை எழுதியதோடு ஹிஜ்ரி 676-ல் வஃபாத்தாகிவிட்டார், 45 வயதுதான். அரபி மதரஸா நூலகங்களில் கிடைக்கும். அத்தாவோடு மாமுவையும் கூட்டிக்கொண்டு ஓதிக்கொடுக்கிற ஒரு ஹஜ்ரத்திடம் போங்கள். இல்முகளின் வகைகள் வருகிற பாடத்தைத் திறந்து அவரையே வாசிக்கச் சொல்லுங்கள், நீங்கள் வாதம் செய்ய வேண்டாம்.