ஆடுகளுக்குத் தண்ணி காட்ட எந்தத் துறை நல்லது?

வணக்கம்ங்க, நான் பென்னாகரத்துக்காரன். போன ஞாயிறு காலையில ஊட்டமலைப் பக்கம் ஆடுகளை ஆத்துல தண்ணிக்கு விட்டேன். பாறைமேல கெடந்த கட்டை ஒண்ணு வாயைப் பொளந்துச்சு! பத்தடி முதலை. சத்தமே இல்லாம தண்ணிக்குள்ள வழுக்கிருச்சு. அப்புறம் மூக்கும் கண்ணும் மட்டும்தான் மேல தெரிஞ்சுது.

ஒகேனக்கல் முதலைப் பண்ணையில கம்பிக்கு அந்தப் பக்கம் பாக்கறது வேற, இது வேறங்க. மாசி, பங்குனியில மணல்ல குழி பறிச்சு முட்டை வைக்கும், தாய் முதலை பக்கத்துலயே காவல் கெடக்கும். அதனால மணல் திட்டுப் பக்கமே போறதில்ல. அந்தி சாஞ்சா நானும் இறங்க மாட்டேன்.

ஆனா ஆடுங்களுக்கு என்ன சொல்லிப் புரிய வைக்க? தண்ணி ஓரமா மூங்கில் தடுப்பு கட்டுனவங்க இருக்கீங்களா? நிக்குமா? பரிசல் ஓட்டுற அண்ணன்மாருங்க எந்தத் துறை பாதுகாப்புன்னு சொல்லுங்க.