த்ராமாதுர்க்: 'நாடகவியலாளர்' வேண்டாமே

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

ஸ்லோவாக் படங்களில் வேலை பார்த்தவர்களின் பெயர்ப்பட்டியலில் வரும் 'த்ராமாதுர்க்' என்ற சொல்லுக்கு 'நாடகவியலாளர்' என்று முந்தைய மடலில் ஒரு பரிந்துரை வந்தது. எனக்கு ஒப்பவில்லை. நாடகத்தை ஆராய்வது த்ராமாதுர்க்கின் வேலையே அல்ல.

ஆல்பர்ட் மாரென்சினை எடுத்துக்கொள்ளுங்கள். 1922இல் பிறந்த சர்ரியலிசக் கவிஞர். ஸ்லோவாக்கியத் தலைநகர் பிராட்டிஸ்லாவாவில் கோலிபா குன்றின் மேல் இருந்த அரசு திரைப்பட ஸ்டுடியோவில் வேலை பார்த்தார். இவான் புகோவ்சானோடு சேர்ந்து 'சாம்பல் புறாவின் பாட்டு' (1961) படத்துக்குத் திரைக்கதை எழுதினார். ஆனால் த்ராமாதுர்க் என்ற முறையில் அவர் பார்த்த வேலை வேறு. நல்ல கதையைத் தேடிப் பிடிக்க வேண்டும், எழுதியவரோடு உட்கார்ந்து அதைத் திருத்தி வளர்க்க வேண்டும். அப்புறம் அதை மேலிடத்துக்குக் கொண்டுபோய் ஒப்புதல் வாங்க வேண்டும்.

அந்த மேலிடம் எப்படிப்பட்டது? அல்ஃபோன்ஸ் பெத்னார் எழுதி ஸ்டெஃபான் உஹெர் இயக்கிய 'வலையில் சூரியன்' (1962) படத்தில் பார்வையற்ற தாய் ஒருத்தி வருகிறாள். நீர் வற்றிப்போன இடத்தில் நின்றுகொண்டு, இல்லாத அழகையெல்லாம் இருப்பதாக அவளிடம் பிள்ளைகள் சொல்கிறார்கள். எனக்கு நெஞ்சை அடைத்த காட்சி அது. அந்தத் தாய் ஆளும் கம்யூனிஸ்ட் கட்சியைக் குறிக்கிறாளோ என்று மேலே சந்தேகம் கிளம்பியது. ஸ்லோவாக்கியக் கட்சித் தலைவர் கரோல் பாசிலெக் படத்தை எதிர்த்தார். ஸ்லோவாக்கியப் படம் கடைசியில் செக் பகுதியிலிருந்த பிராகில்தான் முதலில் திரைக்கு வந்தது.

'திரைக்கதைத் தொகுப்பாளர்' என்றால் படத்தொகுப்பாளரோடு குழம்பும். நம்மிடமே ஜெமினி காலத்துக் 'கதை இலாகா' இருக்கிறது, எனக்கு மிகவும் பிடித்த சொல். ஆனால் அது துறையின் பெயர், ஆளுக்குப் பொருந்தாது. 'கதைச்செவிலி' என்றும் யோசித்தேன். பிறர் பெற்றதை வளர்ப்பவர் என்ற பொருள் அழகாக வருகிறது, ஆனால் மேலே போய்ப் பதில் சொல்பவர் என்பது அதில் இல்லை.

அதனால் 'கதைப்பொறுப்பாளர்' என்று முன்வைக்கிறேன். வளர்க்கும் பொறுப்பு, பதில் சொல்லும் பொறுப்பு இரண்டும் அதில் அடங்கும். 1968 ஆகஸ்டில் சோவியத் டாங்கிகள் நுழைந்த பிறகு, எழுபதுகளின் தொடக்கத்தில் மாரென்சின் கோலிபாவை விட்டே வெளியேற நேர்ந்தது. அந்தப் பொறுப்பின் கனம் சொல்லில் தெரிய வேண்டும்.

மறுப்பு இருந்தால் எழுதுங்கள், நம் கலைச்சொல் பட்டியலில் சேர்க்கும் முன் பேசிவிடலாம்.