ஒரே நிலையம், இரண்டு கோப்பு, பழைய வருஷங்கள் மட்டும் ஒத்துப் போகல

கேள்வி (பினாங்கு மாணவி):
ஜிஎச்சிஎன் (உலக வானிலை நிலையங்களின் தரவுத் தொகுப்பு) மாத வெப்பநிலை, நான்காம் பதிப்பு. அதில் க்யூசியூ, க்யூசிஎஃப் என்ற இரண்டு கோப்பையும் இறக்கினேன். அண்மைய வருஷங்கள் ஒன்றுதான், பழசு வேற. முன்னே இறக்கின க்யூசிஎஃப்கூட இப்போ கொஞ்சம் மாறியிருக்கு. வரைபடத்தில் கோடு சில இடத்தில் -99.99க்குப் பாயுது. கோப்பு கெட்டுப்போச்சா அண்ணே?

பதில் 1:
கோப்பு நல்லாத்தான் இருக்கு. -9999 என்றால் அந்த மாசத்துக்குப் பதிவு இல்லை. கோப்பில் வெப்பநிலை 100ஆல் பெருக்கி எழுதியிருக்கும்; 100ஆல் வகுக்கும் முன்னாடியே -9999ஐ வெற்றிடமாக்கிடு, இல்லாட்டி சராசரி மொத்தமும் நாசம்.

க்யூசியூ திருத்தாதது, க்யூசிஎஃப் திருத்தினது. நிலையம் இடம் மாறும், வெப்பமானி மாறும், வெப்பமானியை வெயில் படாமல் வைக்கிற நிழல்கூண்டு மாறும். பதிவில் படி விழும், அதாவது மட்டம் திடீரென ஏறும் அல்லது இறங்கும். கடைசித் துண்டை அப்படியே வைத்துவிட்டுப் பழைய துண்டுகளை அதன் மட்டத்துக்கு நகர்த்துவார்கள். இனி வரும் அளவுகளைத் தொடாமல் சேர்க்கலாம், அதுதான் காரணம். புதுத் தரவு சேரச் சேரக் கணக்கு மறுபடி ஓடும், அதனால் பழைய எண் லேசாக அசையும். இறக்கிய தேதியைக் கோப்புப் பெயரிலேயே போட்டு வை.

சோதிக்கணுமா? பினாங்கு விமான நிலையம் இருக்கிற பாயான் லெப்பாஸை எடுத்துக்கோ. அலோர் ஸ்டார், ஈப்போ, சித்தியவான் அண்டை நிலையங்கள். ஒவ்வொன்றிலும் 1991–2020 மாத சராசரியைக் கழி. பிறகு பாயான் லெப்பாஸிலிருந்து அண்டையைத் தனித்தனியாகக் கழி. 1998, 2016 எல் நினோ சூடு எல்லாருக்கும் பொது என்பதால் பெரும்பகுதி அடிபட்டுப் போகும். மூன்று வித்தியாசக் கோட்டிலும் ஒரே மாசத்தில் படி வந்தால் பாயான் லெப்பாஸில்தான் ஏதோ நடந்திருக்கு. ஒன்றில் மட்டும் வந்தால் பழி அந்த அண்டைமேல். படிக்கு இரு பக்கமும் 5 வருஷமாவது இல்லாமல் அளவு சொல்லாதே. இங்கே மழை ஊருக்கு ஊர் வேற, அதனால் வித்தியாசக் கோட்டில் காரணமில்லாத ஏற்ற இறக்கம் (இரைச்சல்) அதிகம்.

பதில் 2:
பழசைக் குறைத்து வெப்பமாதலைக் கூட்டிக் காட்டுறாங்கன்னு சொல்றாங்களே?

பதில் 1:
திருத்தத்தால் நிலத்தில் உயர்வு கொஞ்சம் கூடுது, உண்மை. கடலில் நேர்மாறு. அந்தக் காலத்தில் கித்தான் வாளியில் கடல்நீரை மொண்டு அளந்தாங்க. மேலே இழுக்கிறதுக்குள்ளே ஆவியாகி நீர் குளிர்ந்துடும். அதனால் பழைய கடல் அளவுகளை மேலே ஏத்துறாங்க. கடல்தான் பரப்பில் பெரிசு, ஆக மொத்த உலகக் கணக்கில் திருத்தம் நீண்டகால உயர்வைக் குறைக்கத்தான் செய்யுது.

சந்தேகம் கேட்க வேண்டிய இடம் வேற: நகரச் சூடு. அது படியாக வராது, மெல்ல ஏறும். அண்டை ஊர்களும் கூடவே வளர்ந்திருந்தால் வித்தியாசக் கோட்டில் ஒன்றும் தெரியாது. கோலாலம்பூர் பக்கத்து நிலையங்களில் இதைக் கவனி.

பதில் 3:
மணிக்கு மணி பதிவில் இறங்கினால் ஒன்று, தங்கச்சி. 1982 தொடக்கத்தில் தீபகற்பத்தில் கடிகாரத்தை அரை மணி முன்னே தள்ளினாங்க. உள்ளூர் நேரத்தில் எழுதிய ஏட்டில் காலை 8 மணி அளவு அதற்குப் பிறகு அரை மணி முன்னதாகவே எடுத்தது, வெயில் அவ்வளவு ஏறியிருக்காது. முதலில் எல்லாத்தையும் யுடிசிக்கு (உலகப் பொது நேரத்துக்கு) மாற்று, அப்புறம் படியைத் தேடு.