பில் ஆஃப் ரைட்ஸ்: மசோதாவா, சாசனமா, பட்டியலா?

அனுப்பியவர்: ஞாயிறு வகுப்பு ஆசிரியை, நியூ ஜெர்சி
பொருள்: பில் ஆஃப் ரைட்ஸ் – சொல் வேண்டும்

சொல்லாக்கக் குழுவினருக்கு வணக்கம்.

ஞாயிறுதோறும் நடக்கும் ஒரு தமிழ் வகுப்பில் பாடம் எடுக்கிறேன். பிள்ளைகளுக்குப் பதின்மூன்று, பதினான்கு வயது. குறளை ஒப்பிக்கச் சொன்னால் கொட்டாவி விடுகிறார்கள். பள்ளியில் அந்த வாரம் படித்ததைத் தமிழில் சொல்லுங்கள் என்றால் மட்டும் வாய் திறக்கிறார்கள். இந்தப் பருவத்தில் அவர்களுக்குப் பள்ளியில் அமெரிக்க அரசமைப்பின் முதல் பத்துத் திருத்தங்கள் பாடம்; ஆங்கிலத்தில் அவற்றுக்கு ‘பில் ஆஃப் ரைட்ஸ்’ என்று பெயர். அதை வைத்துப் பயிற்சித்தாள் தயாரிக்க உட்கார்ந்தேன். தலைப்பிலேயே மாட்டிக்கொண்டேன்.

முதல் வாரம் ‘உரிமைகள் மசோதா’ என்று அச்சிட்டேன். செய்திகளில் அப்படித்தான் பார்த்திருக்கிறேன். சென்ற ஆண்டு ஊரிலிருந்து வந்து சேர்ந்த ஒரு பையன் கேட்டான்: “மிஸ், இது எப்போது நிறைவேறும்?” 1791 டிசம்பர் 15 அன்றே உறுதியாகிவிட்ட ஒன்றைப் பற்றி இப்படி ஒரு கேள்வி வந்தால் பிழை பையனுடையது இல்லை.

இரண்டாம் வாரம் ‘உரிமைச் சாசனம்’. சாசனம் என்றால் அரசன் கல்லிலோ செப்பேட்டிலோ பொறித்துக் கொடுத்தது என்று நானே விளக்கமும் சொன்னேன். பிறகு, நம் வகுப்புக்கும் ஒன்று எழுதுங்கள் என்று குழுக்களாகப் பிரித்துவிட்டேன். எழுதி வந்தவற்றைப் படித்ததும் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. “ஆசிரியர் எங்களுக்குப் பேச அனுமதி தருகிறார்.” “ஆசிரியர் எங்களுக்குத் தண்ணீர் குடிக்க அனுமதி தருகிறார்.” அத்தனையும் வள்ளல் தன்மை. மூலத்தில் முதல் திருத்தம் எப்படித் தொடங்குகிறது? காங்கிரஸ், அதாவது அமெரிக்க நாடாளுமன்றம், எந்தச் சட்டமும் இயற்றலாகாது என்று. அரசின் கையைக் கட்டும் வாக்கியம் அது. என் பிள்ளைகள் எழுதியதில் ஒரு ‘கூடாது’கூட இல்லை.

மூன்றாம் வாரம் ‘உரிமைப் பட்டியல்’ என்று போட்டுப் பார்த்தேன். மாதம் ஒருமுறை பீட்சா, வகுப்பில் கைபேசி, வீட்டுப்பாடம் இல்லாத ஞாயிறு. பட்டியல் என்றதும் கடைக்குப் போகும் நினைப்பு வந்துவிட்டது போலும்.

நான்காம் வாரத்துக்கு ஒரு சொல் தாருங்கள்.

*

அனுப்பியவர்: ஓய்வுபெற்ற மொழிபெயர்ப்பாளர், டொரொன்டோ
பொருள்: மறு: பில் ஆஃப் ரைட்ஸ் – சொல் வேண்டும்

அன்பான ஆசிரியைக்கு,

மசோதாவைக் கைவிட்டது சரி. அரபு வழி வந்த அந்தச் சொல்லுக்கு வரைவு என்றுதான் பொருள். இலங்கையில் நாங்கள் ‘சட்டமூலம்’ என்போம். அதுவும் நிறைவேறக் காத்திருப்பதைத்தான் குறிக்கும். இரண்டும் இங்கே பொருந்தா.

குழப்பத்தின் வேர் ஆங்கிலத்திலேயே இருக்கிறது. இடைக்கால லத்தீனில் முத்திரையிட்ட ஆவணத்தைக் குறித்த சொல்லிலிருந்து வந்ததுதான் ‘பில்’. பிறகு எழுதிய தாள், விவரக் குறிப்பு என்றெல்லாம் விரிந்தது. பலசரக்குக் கடைக்காரர் நீட்டுவதும் பில், நாடாளுமன்றத்தில் வைப்பதும் பில். 1689இல் இங்கிலாந்தில் மன்னரின் அதிகாரத்துக்கு வரம்பு கட்டி எழுதியதற்கு அந்தப் பெயர் நிலைத்தது. நூறு ஆண்டு கழித்து அமெரிக்கர்கள் அதையே எடுத்துக்கொண்டார்கள். ஜேம்ஸ் மேடிசன் 1789 ஜூன் 8 அன்று பிரதிநிதிகள் அவையில் முன்மொழிந்தார். செப்டம்பர் 25 அன்று காங்கிரஸ் மாநிலங்களின் ஒப்புதலுக்கு அனுப்பியவை பன்னிரண்டு. ஒப்புதல் பெற்றவை பத்து. விடுபட்ட இரண்டில் ஒன்று, உறுப்பினர்களின் சம்பளம் பற்றியது, 1992இல் இருபத்தேழாம் திருத்தமாக உயிர்பெற்றது. பிள்ளைகளுக்கு இந்தக் கதையைச் சொல்லுங்கள், விரும்புவார்கள்.

சாசனத்தைப் பற்றி உங்கள் வகுப்பு கண்டுபிடித்ததை நான் முப்பது ஆண்டு மொழிபெயர்த்தும் கவனிக்கவில்லை. ஐ.நா. சாசனம் என்று கை பழகிவிட்டதால் யார் கொடுத்தது என்று யோசித்ததே இல்லை.

என் பரிந்துரைகள் இரண்டு: உரிமை முறி (பழந்தமிழில் முறி என்றால் ஆவணம்), உரிமைக் காப்பு. எனக்கு முன்னதில் ஆசை.

*

அனுப்பியவர்: வழக்கறிஞர், மதுரை
பொருள்: மறு: மறு: பில் ஆஃப் ரைட்ஸ் – சொல் வேண்டும்

ஐயாவின் ஆசையைக் கெடுப்பதற்கு மன்னிக்க வேண்டும். ‘முறி’ என்று எழுதினால் இன்றைய வாசகர் ‘முறிவு’ என்று படிப்பார். உரிமை முறி என்பது உரிமை மீறலுக்கு நல்ல சொல்லாக இருக்கும்!

> உரிமைக் காப்பு

இதைத் திருப்பிப் போட்டால் காப்புரிமை. தேர்வுத்தாளில் பாதிப் பேர் திருப்பிப் போடுவார்கள்.

வேறு சிலவற்றையும் நானே போட்டு நானே அடித்துவிட்டேன். உரிமைப் பட்டயம்: பட்டயம் என்றால் எங்கள் ஊரில் பாலிடெக்னிக் படிப்பு. உரிமை ஆவணம்: சார்பதிவாளர் அலுவலகத்தில் அது வீட்டுப் பத்திரம். உரிமைப் பட்டியல்: மூலச் சொல்லுக்கு மிக நெருக்கம், ஆனால் ஒன்பதாம் திருத்தம் இடிக்கிறது. இங்கே சில உரிமைகள் எண்ணிச் சொல்லப்பட்டிருப்பதைக் காட்டி மக்களிடம் உள்ள பிற உரிமைகளை மறுக்கலாகாது என்கிறது அது. பட்டியலில் இல்லாததும் உண்டு என்று பட்டியலே சொல்வது வேடிக்கைதான். ஆனால் தமிழில் பட்டியல் என்றால் அதில் இருப்பவர் உள்ளே, இல்லாதவர் வெளியே.

‘உரிமையேடு’ என்று வைத்துப் பாருங்களேன். ஏடு யாரும் கொடுத்ததாகச் சொல்லாது. இனிமேல்தான் நிறைவேறும் என்றும் சொல்லாது. இன்னும் ஓர் ஓலை சேர்க்க இடம் உண்டு. பதிவேடு போல ஒலிக்கிறது என்பது என் தரப்பிலேயே உள்ள ஆட்சேபணை. இதைவிட நல்லது கிடைக்கும்வரை வைத்துக்கொள்ளலாம்.

*

அனுப்பியவர்: ஞாயிறு வகுப்பு ஆசிரியை, நியூ ஜெர்சி
பொருள்: மறு: மறு: மறு: பில் ஆஃப் ரைட்ஸ் – சொல் வேண்டும்

இருவருக்கும் நன்றி. உரிமையேட்டை வகுப்புக்குக் கொண்டுபோனேன். “நாளேடு மாதிரியா?” என்றாள் ஒருத்தி. அதோடு விளக்கம் முடிந்தது. சாசனத்துக்குக் கால் மணி நேரம் ஆகியிருந்தது.

வகுப்புக்கான ஏட்டை மறுபடி எழுதச் சொன்னேன். எட்டு வாக்கியங்களில் ஐந்தில் ‘கூடாது’ வந்தது. “காரணம் சொல்லாமல் ஆசிரியர் எங்கள் பையைத் திறக்கக் கூடாது” என்பது ஒன்று. ஆனால் இம்முறை கேள்வியையும் மாற்றியிருந்தேன்: “உங்களுக்கு என்ன வேண்டும்?” என்பதை விட்டு “நான் எதைச் செய்யக் கூடாது?” என்று கேட்டேன். ஆகவே முழுப் பெருமையும் சொல்லுக்கு இல்லை, வழக்கறிஞர் ஐயா. குறுக்கே நிற்காமல் இருந்ததே அது செய்த உதவி.

அந்தப் பை வாக்கியத்தைப் பிடித்துக்கொண்டு, நியாயமற்ற சோதனையைத் தடுக்கும் நான்காம் திருத்தத்துக்குப் போனோம். நம் மாநிலத்து வழக்கே இருக்கிறது. பிஸ்காடவே உயர்நிலைப் பள்ளியில் 1980இல் கழிப்பறையில் புகைபிடித்ததாகப் பிடிபட்ட பதினான்கு வயது மாணவியின் கைப்பையைத் துணை முதல்வர் சோதனையிட்டார். 1985இல் உச்ச நீதிமன்றம் பள்ளியின் பக்கம் தீர்ப்பளித்தது: மாணவர்களுக்கும் நான்காம் திருத்தம் பொருந்தும், ஆனால் சோதனையிடப் பள்ளிக்கு நீதிமன்ற ஆணை தேவையில்லை, நியாயமான சந்தேகம் போதும். பாதிப் பேரை மாணவி தரப்பாகவும் மீதிப் பேரைப் பள்ளித் தரப்பாகவும் பிரித்து வாதாட விட்டேன். நீதிபதியாக இருந்த பையன் சட்டென்று தமிழை மறந்து ஆங்கிலத்தில் தீர்ப்பு எழுதிவிட்டான். மன்னித்தேன்.

கடைசியாக அட்டை விளையாட்டு. பத்து உரிமை, பத்து அட்டை; சுற்றுக்கு ஒன்றை விட்டுக்கொடுக்க வேண்டும், ஏன் என்று சொல்லவும் வேண்டும். ஆயுதம் வைத்திருக்கும் உரிமைக்கான அட்டையில் கூச்சல் எழுந்தது, எதிர்பார்த்ததுதான். எல்லாக் குழுக்களும் முதல் சுற்றிலேயே தூக்கி எறிந்தது மூன்றாம் திருத்தத்தை. அமைதிக் காலத்தில் உரிமையாளரின் சம்மதமின்றி எந்தப் படைவீரரையும் வீட்டில் தங்கவைக்கக் கூடாது என்பது. “யார் மிஸ் நம் வீட்டுக்கு வந்து படுக்கப்போகிறார்கள்?”

நானும் சிரித்துவிட்டு நகர்ந்துவிட்டேன். இப்போது அந்த அட்டைக்கு ஒரு தலைப்பு வேண்டும். ‘படைவீரரைத் தங்கவைத்தல்’ என்றால் விருந்தோம்பல் போல இருக்கிறது.

*

அனுப்பியவர்: ஓய்வுபெற்ற மொழிபெயர்ப்பாளர், டொரொன்டோ
பொருள்: மறு: மறு: மறு: மறு: பில் ஆஃப் ரைட்ஸ் – சொல் வேண்டும்

உரிமையேடு எனக்கும் சம்மதம். முறியைப் பெட்டிக்குள் வைத்துவிட்டேன்.

மூன்றாம் அட்டைக்கு ‘வீட்டில் படையிருத்தல்’ என்று எழுதுங்கள். நானாக உருவாக்கிய சொல் இல்லை. யாழ்ப்பாணத்தில் எங்கள் வீட்டில் பல ஆண்டுகள் படையினர் இருந்தார்கள். திரும்பிப் போனபோது கிணற்றடி மட்டும் அடையாளம் தெரிந்தது. இன்றும் ஊரில் வழி சொல்பவர்கள் “படை இருந்த வீட்டுக்கு அடுத்த ஒழுங்கை” என்றுதான் சொல்கிறார்கள்.

பிள்ளைகள் அடுத்த முறை அட்டை விளையாடும்போது எனக்கும் ஒரு தொகுதி அனுப்பிவையுங்கள். நான் எதை முதலில் விடுவேன் என்று தெரியவில்லை, மூன்றாவதை விடமாட்டேன்.